கோடியக்கரையும் கள்ளச்சரக்கும்

2020ஆம் ஆண்டிலும் அதற்கடுத்த ஆண்டிலும் நாளேடுகளைப் படித்து வந்தவர்கள் ஒரு செய்தியைக் கண்டு வியந்திருப்பார்கள். வேதாரணியம், கோடியக்கரை, மண்டபம் ஆகிய கடற்கரைகளில் மூட்டை மூட்டையாகக் கள்ளச்சரக்கு பிடிபட்டது என்பதே அச்செய்தி. மூட்டைகளை அவிழ்த்தபோது உள்ளே இருந்தது தங்கமன்று, வெள்ளியுமன்று, விரலி மஞ்சள். ஈரோட்டுச் சந்தையில் எவரும் விலை பேசி வாங்கக்கூடிய, நம் இல்லத்துப் பெண்மணிகள் அன்றாடம் ஆணத்தில் சேர்க்கின்ற அதே மஞ்சள். அதனை இருளில் படகேற்றி இலங்கைக்கு அனுப்ப முற்பட்டவர்கள் கைது செய்யப்பட்டார்கள்.

இதன் காரணம் எளிது. உள்நாட்டு விவசாயத்தைக் காக்கவும் அந்நியச் செலாவணியை மிச்சப்படுத்தவும் இலங்கை அரசு மஞ்சள் இறக்குமதிக்குத் தடை விதித்திருந்தது. இங்கே கிலோ நூறு, நூற்றைம்பது ரூபாய்க்குக் கிடைத்த பொருள், அங்கே அந்நாட்டு நாணயத்தில் பல ஆயிரம் ரூபாய்க்கு விற்றது. முந்தைய ஆண்டு வரை கப்பலில் பகிரங்கமாகச் சென்ற சரக்கு, ஓர் அரசாணையின் பின்னர்க் கள்ளச்சரக்காகிவிட்டது.

சரக்கு கள்ளச்சரக்காவது எவ்வாறு? இவ்வினாவிற்கு விடை தேடுவோர்க்குக் கோடியக்கரையைவிடப் பொருத்தமான இடம் தமிழகத்தில் வேறில்லை எனலாம். கடற்கரை ஊர்களைச் சேர்ந்த நமக்கோ இது வெறும் ஆராய்ச்சி விருப்பத்தால் எழும் வினாவன்று. 'கடத்தல்' என்ற சொல் காதில் விழுந்தவுடன் தொப்பியும் கைலியும் அணிந்த ஓர் உருவத்தை மனக்கண்ணில் காணுமாறு திரைப்படங்களும் மேடைப் பேச்சுகளும் பல ஆண்டுகளாக மக்களைப் பழக்கியுள்ளன. அந்தப் பழி எந்த அளவு நியாயம், எந்த அளவு அநியாயம் என்பதை நாமே நடுநிலையோடு ஆராய்ந்து பார்ப்பது நலம்.

கரையின் அமைப்பு

நாகப்பட்டினத்திலிருந்து தெற்கு நோக்கி ஏறத்தாழ நேர்கோடாக வரும் சோழ மண்டலக் கடற்கரை, கோடியக்கரையில் சட்டென்று மூலை திரும்பி மேற்கே முத்துப்பேட்டையையும் அதிராம்பட்டினத்தையும் நோக்கிச் செல்கின்றது. வங்கக் கடலும் பாக் நீரிணையும் கைகுலுக்கும் முனை அது. கடலைத் தாண்டினால் யாழ்ப்பாணத்துக் காங்கேசன்துறை, வல்வெட்டித்துறை, பருத்தித்துறை. இடையிலுள்ள தொலைவு 60 கிலோமீட்டருக்கும் குறைவே. இயந்திரம் அறியாத காலத்தில் வாடைக் காற்றில் பாய் விரித்துச் சென்று, சோழகக் காற்றில் திரும்பி வருவது தோணிக்காரர்களின் வழக்கம். கல்கி தம் 'பொன்னியின் செல்வ'னில் ஈழம் செல்லும் படகுத்துறையாகக் கோடிக்கரையைத் தேர்ந்தெடுத்தது காரணமின்றியன்று.

கரைக்குப் பின்னே பெருஞ்சதுப்பு. சதுப்பின் ஓரத்தில் அகஸ்தியம்பள்ளி உப்பளங்கள். அப்பால் 1967இல் சரணாலயமாக அறிவிக்கப்பட்ட காடு. வெளிமான்கள் மேயும், பூநாரைகள் வந்திறங்கும் இவ்விடத்தில் பகலிலேயே ஆள் நடமாட்டம் குறைவு. மேற்கே முத்துப்பேட்டைக் காயலின் அலையாத்திக் காடுகளில் நுழைந்துவிட்ட படகை வழி தெரியாதவர் கண்டுபிடிப்பது அரிது. வேதாரணியத்தை அடுத்த தோப்புத்துறை, நாகூர், முத்துப்பேட்டை, அதிராம்பட்டினம் ஆகியவை நம் மக்கள் தலைமுறை தலைமுறையாகக் கடலை நம்பி வாழ்ந்த ஊர்கள். இவற்றோடு தோளுரசி மீனவர் குப்பங்கள் பலவும் உள்ளன. வணிகத்திற்கு வசதியான இந்த அமைப்பே மறைவணிகத்திற்கும் வசதியாயிற்று.

சுங்கம் தவிர்த்த சோழன்

சுங்கம் என்பது புதிதாக வந்ததன்று. காவிரிப்பூம்பட்டினத்தில் சரக்குகளின்மீது புலி இலச்சினை பொறித்துச் சுங்கம் கொண்டனர் என்பதைப் 'பட்டினப்பாலை' காட்டுகின்றது. அரசனுக்குரிய செல்வங்களுள் ஒன்றாக வள்ளுவரும் உல்கு பொருளை எண்ணுகின்றார்.

ஆனால் 1070 முதல் 1120 வரை ஆண்ட முதற் குலோத்துங்கன் 'சுங்கம் தவிர்த்த சோழன்' என்று புகழப்பட்டான். போர்களும் வெற்றிகளும் நிறைந்த ஓர் அரசனை, அவன் வரியை விலக்கியதற்காக மக்கள் நினைவில் வைத்தனர் என்பது சிந்திக்கத்தக்கது. 1077இல் சீனத்திற்கு 72 பேர் கொண்ட தூதுக்குழு சென்றதும், நாகப்பட்டினத்துச் சூடாமணி விகாரத்திற்கு வழங்கப்பட்ட ஊர்களின் வரிகளை நீக்கிச் செப்பேடு வெட்டப்பட்டதும் அவன் காலத்திலேயே. அரபு நாட்டிலிருந்தும் பாரசீகத்திலிருந்தும் வந்த வணிகர்கள் சோழ மண்டலத் துறைகளில் வரவேற்கப்பட்டனர். வந்தவர்கள் இங்கேயே மணமுடித்துத் தமிழைத் தாய்மொழியாகக் கொண்டதன் விளைவே கரையோரத்து நம் ஊர்கள். கடல் திறந்திருந்த காலத்தின் பிள்ளைகள் நாம் என்று கூறினால் அது மிகையாகாது.

பரங்கியர் தந்த சீட்டு

நம் கடலில் கப்பலோட்டுவதற்கே சீட்டு வேண்டும் என்ற வழக்கத்தைப் புகுத்தியவர்கள் போர்த்துக்கீசியர். 'கர்த்தாசு' எனப்பட்ட அந்தச் சீட்டு இல்லாத கப்பலைப் பிடித்துச் சரக்கைப் பறிமுதல் செய்யலாம் என்று அவர்களே விதி வகுத்து, அவர்களே அதனை நிறைவேற்றினர். முந்திய நாள் வரை வணிகராயிருந்த மரைக்காயர், அவ்விதியின்படி கள்ளராகிவிட்டார்.

1658இல் யாழ்ப்பாணமும் நாகப்பட்டினமும் ஒரே ஆண்டில் டச்சுக் கம்பெனியின் கைக்குச் சென்றன. நீரிணையின் இரு கரைகளும் ஒரே கம்பெனிக்கு உரியனவாயின. கறுவாப்பட்டை, யானை, பாக்கு ஆகியவற்றைத் தானே வாங்கித் தானே விற்கும் ஏகபோகத்தைக் கம்பெனி நிலைநாட்ட முனைந்தது. கறுவாச் செடிக்குச் சேதம் விளைவிப்போர்க்கும், அனுமதியின்றி அதன் பட்டையை விற்போர்க்கும் மரண தண்டனை கூட உண்டு என்று சட்டம் செய்தனர்.

அதுவரை நடைபெற்று வந்த வணிகம் இயல்பானது. காவிரிப் படுகையின் அரிசியும் துணியும் தோணியில் ஈழம் செல்லும். அங்கிருந்து கண்டி நாட்டுப் பாக்கு திரும்பி வரும். பாக்கைக் கம்பெனி நிர்ணயித்த விலைக்கே விற்க வேண்டும் என்றானதும், வணிகர்கள் கம்பெனியின் கண்ணுக்கெட்டாத சிறு துறைகளையும் கண்டி மன்னனின் செல்வாக்கு நிலவிய துறைகளையும் நாடினர். டச்சு ஆவணங்களை ஆழ்ந்து ஆராய்ந்த யாழ்ப்பாணத்து வரலாற்றறிஞர் சின்னப்பா அரசரத்தினம் இவ்வணிகத்தைப் பற்றி விரிவாக எழுதியுள்ளார். திரும்பும்போது பாக்கு ஏற்றும் வாய்ப்பில்லாத தோணிக்காரன் அரிசி ஏற்றி வரவும் தயங்கினான். இலங்கையில் அரிசி குறைந்தபோது கம்பெனியே தன் விதிகளைத் தளர்த்த வேண்டியதாயிற்று.

பாக்கு மாறவில்லை, தோணி மாறவில்லை, தோணியைச் செலுத்தியவனும் மாறவில்லை. விலையை நிர்ணயிக்கும் கை மாறியது. கள்ளச்சரக்கின் வரலாற்றில் இது நாம் காணும் முதற்பாடம்.

உப்பும் கள்ளச்சரக்காயிற்று

இரண்டாம் பாடத்தைக் கோடியக்கரையின் சதுப்பே நமக்குத் தருகின்றது. கோடை வெயிலில் கடல்நீர் வற்றி, மனித முயற்சி எதுவுமின்றித் தானே உப்பு விளையும் நிலம் இது. 1805இல் ஆங்கிலக் கம்பெனி சென்னை மாகாணத்தில் உப்பைத் தன் தனியுரிமையாக்கிக் கொண்டது. தரையில் பூத்த உப்பைக் கை நிறைய அள்ளும் ஏழைப் பெண் அன்றிலிருந்து குற்றவாளி. தானாக விளைந்த உப்பை மக்கள் எடுத்துவிடாதபடி அழித்துவிடுவதும் உப்பு இலாகாச் சேவகர்களின் பணியாயிருந்தது.

பக்கத்தில் காரைக்கால் பிரெஞ்சுக்காரர் வசம் இருந்தது. அங்கே உப்பு மலிவாயிருந்தால் எல்லை தாண்டி வந்துவிடுமே என்று அஞ்சிய ஆங்கிலேயர், 1815ஆம் ஆண்டு உடன்படிக்கையின்படி, பிரெஞ்சுப் பகுதிகளில் விளையும் உப்பை வாங்கும் தனியுரிமையைப் பெற்றுக்கொண்டு, அதற்காக ஆண்டுதோறும் 4 லட்சம் சிக்கா ரூபாய் கொடுத்து வந்தனர். ஏகபோக விலையைக் காப்பாற்றுவதற்கு அரசுகள் எவ்வளவு செலவழிக்கத் துணிகின்றன என்பதற்கு இதுவே சான்று.

1930 ஏப்ரல் 13ஆம் நாள் திருச்சியிலிருந்து இராஜாஜி தலைமையில் தொண்டர்கள் கால்நடையாகப் புறப்பட்டு, ஏறத்தாழ 150 மைல் நடந்து, 28ஆம் நாள் வேதாரணியம் அடைந்தனர். நடந்து வருவோர்க்கு உணவும் உறைவிடமும் அளிப்போர் தண்டிக்கப்படுவர் என்று தஞ்சை மாவட்டக் கலெக்டர் தார்ன் எச்சரித்தும், வழியெங்கும் மக்கள் மறைவாகச் சோறளித்தனர். 30ஆம் நாள் காலை அகஸ்தியம்பள்ளியில் உப்பள்ளிய இராஜாஜி கைது செய்யப்பட்டார். வரவேற்று உபசரித்த வேதாரணியம் வேதரத்தினம் பிள்ளையும் சிறை சென்றார்.

அன்றைய சட்டத்தின் மொழியில் அவர்கள் கையிலிருந்தது கள்ள உப்பு. இன்று அவ்விடத்தில் நினைவுத் தூண் நிற்கின்றது. 1931 மார்ச்சில் ஏற்பட்ட காந்தி - இர்வின் ஒப்பந்தம், உப்பு விளையும் இடங்களுக்கு அருகில் வாழ்வோர் தம் வீட்டுத் தேவைக்கு உப்பெடுக்க இசைந்தது. 1947இல் உப்பு வரியே ஒழிந்தது. அதன் பிறகு கோடியக்கரையில் உப்புக் கள்ளன் என்று ஒருவனும் பிடிபடவில்லை.

ஆயினும் ஒரு வேறுபாட்டை நாம் மறந்துவிடலாகாது. சத்தியாகிரகிகள் பட்டப்பகலில், அறிவித்துவிட்டு, தண்டனையை ஏற்கும் துணிவோடு சட்டத்தை மீறினர். எவரும் அதில் ஒரு காசு இலாபம் ஈட்டவில்லை. இருளில் இலாபத்திற்காகச் சட்டத்தை மீறியவர்கள் அவர்களோடு தம்மை ஒப்பிட்டுக்கொள்ள இயலாது.

நெற்களஞ்சியத்தில் கள்ளச் சந்தை

'கள்ளச் சந்தை' என்ற சொற்றொடர் நம் வீடுகளில் அன்றாடப் பேச்சாகியது இரண்டாம் உலகப் போரின்போதாகும். 1942 மார்ச்சில் இரங்கூன் ஜப்பானியர் வசம் வீழ்ந்தது. பர்மாவில் கடை வைத்திருந்த நம்மவர் பலர் உடுத்த துணியோடு கால்நடையாகத் திரும்பினர். அவர்களோடு திரும்பி வராதது பர்மா அரிசி. சென்னை மாகாணம் நெடுங்காலமாக நம்பியிருந்த அவ்வரிசி நின்றதும் பங்கீடும் கொள்முதலும் வந்தன. நெல் விளையும் தஞ்சைத் தரணியிலேயே நெல்லை மறைத்து வைப்பதும், இருமடங்கு விலைக்கு இரவில் விற்பதும் வழக்கமாயின. 'பிளாக்' என்ற ஆங்கிலச் சொல்லை எழுத்தறியாத பாட்டிமாரும் பேசத் தொடங்கினர்.

போர் முடிந்தும் கட்டுப்பாடு முடியவில்லை. 1952 ஜூனில் முதலமைச்சர் இராஜாஜி துணிந்து அரிசிக் கட்டுப்பாட்டை நீக்கினார். அப்போது மத்திய உணவு அமைச்சராயிருந்தவர் நம் பெருமைக்குரிய ரஃபி அகமது கித்வாய். பஞ்சம் வந்துவிடும் என்று பலர் அஞ்சியபோது, பதுங்கியிருக்கும் தானியம் கட்டுப்பாடு நீங்கியதும் வெளிவரும் என்று நம்பியவர் அவர். அவ்வாறே தானியம் வெளிவந்தது. கள்ளச் சந்தை கலைந்தது. 1954 அக்டோபரில் அவர் காலமானபோது எல்லாச் சமயத்தாரும் கண்ணீர் வடித்தனர்.

ஆனால் பாடம் நெடுநாள் நினைவில் நிற்கவில்லை. அறுபதுகளில் வறட்சியும் பற்றாக்குறையும் வந்தபோது, அனுமதிச் சீட்டின்றித் தஞ்சை மாவட்டத்து நெல்லும் அரிசியும் வெளியே செல்லலாகாது என்று மீண்டும் தடை ஏற்பட்டது. பாசஞ்சர் இரயில்களில் சிறு அரிசிப் பைகளை மடியிலும் இடுப்பிலும் கட்டிச் சென்ற ஏழைப் பெண்களை அக்காலத்தவர் பலரும் கண்டிருப்பர். சோதனைக்காரரைக் கண்டதும் ஓடும் வண்டியிலிருந்து மூட்டையை உருட்டிவிட்டு அவர்கள் அழுத காட்சி மறக்கக்கூடியதன்று. லாரி லாரியாகக் கொண்டு சென்ற பெரியவர்கள் அவ்வாறு அழுததாக நாம் கேள்விப்பட்டதில்லை.

கள்ளத்தோணி என்ற பழிச்சொல்

1948 பிப்ரவரியில் இலங்கை விடுதலை பெற்றது. அவ்வாண்டே குடியுரிமைச் சட்டமும், குடிவரவு - குடியகல்வுச் சட்டமும் இயற்றப்பட்டன. அதுவரை கொழும்பிலும் கண்டியிலும் கடை வைத்து, ஆண்டுக்கொருமுறை நோன்புப் பெருநாளுக்கு ஊர் வந்து திரும்பிய 'சம்மான்காரர்' எனப்பட்ட நம்மவர், கடவுச்சீட்டும் விசாவும் தேடி அலைய நேர்ந்தது. கோடியக்கரையிலிருந்தும் அதனையொட்டிய துறைகளிலிருந்தும் பழைய வழக்கப்படி தோணியேறியவர்கள் சட்ட விரோதக் குடியேறிகளாயினர். அவர்களைப் பிடிப்பதற்கென்றே இலங்கைப் படை ஐம்பதுகளில் தனி நடவடிக்கை மேற்கொண்டது. 1963இல் அது தனிப் படைப்பிரிவாகவே விரிந்தது. 'கள்ளத்தோணி' என்ற சொல் பிறந்து, பின்னர் தோணியே ஏறியறியாத மலையகத் தோட்டத் தொழிலாளியின்மீதும் வசையாக வீசப்பட்டது. சரக்குக்கு இட்ட பெயர் மனிதனுக்கும் இடப்பட்ட கொடுமை இது.

மனிதர்கள் மட்டுமன்று, பணமும் தடைபட்டது. இலங்கையின் 1953ஆம் ஆண்டு அந்நியச் செலாவணிக் கட்டுப்பாட்டுச் சட்டத்தின்படி, ஊருக்குப் பணமனுப்ப அனுமதியும் அளவும் வேண்டியிருந்தன. நாணயமாக உழைத்து ஈட்டிய பணத்தை மனைவி மக்களுக்கு அனுப்புவதற்கே மறைவழி தேடும் நிலை உருவாயிற்று. அங்கே ஒருவரிடம் பணம் கொடுத்தால் இங்கே இன்னொருவர் வீடு தேடி வந்து தரும் 'உண்டியல்' முறை அவ்விதம் வலுப்பெற்றது. இரசீது இல்லை, பத்திரம் இல்லை. வாக்கு ஒன்றே பிணை. நம் பாட்டனார் காலத்து வணிக நம்பிக்கையிலிருந்து தோன்றிய இம்முறையே, பின்னர் தங்கக் கடத்தலுக்கு நிதி ஓடும் வாய்க்காலாகவும் மாறியது என்பதை வருத்தத்தோடு ஒப்புக்கொள்ள வேண்டும்.

சரக்குகளின் போக்கும் சட்டத்தின் போக்கிற்கேற்ப மாறியது. ஐம்பதுகளின் பிற்பகுதியில் இந்தியா இறக்குமதியை இறுக்கியபோது, கைக்கடிகாரம், நைலான் சேலை, சோப்பு, பிளேடு ஆகியவை 'சிலோன் சாமான்' என்ற பெயரில் இக்கரை வந்தன. 1970 முதல் 1977 வரை சிறிமாவோ பண்டாரநாயக்கா அரசு இறக்குமதியைப் பெரிதும் தடுத்தபோது, கைத்தறிச் சேலையும் கைலியும் பீடி இலையும் மருந்தும் அக்கரை சென்றன. 1977க்குப் பின் ஜெயவர்த்தனா அரசு கதவைத் திறந்ததும், டேப் ரிக்கார்டரும் வீடியோவும் மீண்டும் இக்கரை நோக்கி வந்தன. வாடையும் சோழகமும் மாறி மாறி வீசுவது போல், கொழும்பிலும் டில்லியிலும் மாறிய கொள்கைகளே படகுகளின் திசையை நிர்ணயித்தன.

மஞ்சள் உலோகம்

இவையனைத்தையும் விஞ்சியது தங்கம். 1962இல் உலகச் சந்தையில் தங்கம் அவுன்சு 35 டாலர். அன்றைய நாணய மாற்றின்படி 10 கிராம் ஏறத்தாழ 54 ரூபாய். இந்தியச் சந்தையில் அதன் விலையோ ஏறக்குறைய இருமடங்கு. 1963 ஜனவரியில் மொரார்ஜி தேசாய் தங்கக் கட்டுப்பாட்டு விதிகளைக் கொண்டு வந்து, 14 காரட்டுக்கு மேற்பட்ட நகைகள் செய்யலாகாது என்றார். 1966இல் அவ்விதி தளர்ந்தது. 1968இல் தங்கக் கட்டுப்பாட்டுச் சட்டம் முழுவடிவம் பெற்றது. பொற்கொல்லர் குடும்பங்கள் பல பிழைப்பிழந்து தெருவில் நின்றன. திருமணத்திற்கு நகை வேண்டும் என்ற மக்களின் ஆசையோ ஒரு குன்றிமணி அளவும் குறையவில்லை. அந்த ஆசைக்கும் சட்டத்திற்கும் இடையிலிருந்த பள்ளத்தில் பாய்ந்தது கடத்தல்.

'பிஸ்கட்' எனப்பட்ட பத்துத் தோலாக் கட்டி 116 கிராமுக்குச் சற்று மிகுதியான எடை கொண்டது. உள்ளங்கையில் அடங்கிவிடும். துணிக் கச்சையில் பைகள் தைத்து அவற்றை அடுக்கி உடம்பில் கட்டிக்கொண்டு கரை இறங்குவர். நிலவற்ற இரவில் கரையிலிருந்து விளக்குச் சைகை. படகு வந்ததும் சரக்கு மணலிலோ சதுப்பிலோ புதைபடும். நாட்கள் கழித்து 'குருவி'கள் பேருந்திலும் இரயிலிலும் அதனை நகரங்களுக்குச் சுமப்பர். முதல் போட்டவர் ஒருவர், படகோட்டியவர் ஒருவர், சுமந்தவர் ஒருவர், விற்றவர் ஒருவர். ஒருவரை ஒருவர் அறியாதபடி சங்கிலி பின்னப்பட்டிருக்கும். துப்புக் கொடுத்தவர்க்கு வெகுமதி உண்டு என்பதால், ஊருக்குள்ளேயே ஒருவரையொருவர் ஐயுறும் நிலையும் வந்தது.

பிடிபட்டவர் யார்? பெரும்பாலும் படகோட்டியும் குருவியும்தான். 1962ஆம் ஆண்டுச் சுங்கச் சட்டத்தின் 123ஆம் பிரிவின்படி, தங்கம் போன்ற பொருள்கள் கடத்தப்பட்டவையல்ல என்று நிரூபிக்கும் பொறுப்பு அவற்றை வைத்திருப்பவரையே சார்ந்தது. ஏட்டறிவில்லாத கூலியாள் எதைக் கொண்டு நிரூபிப்பான்?

1974ஆம் ஆண்டு

1974 செப்டம்பரில் மத்திய அரசு கடத்தல்காரர்கள்மீது பெரும் நடவடிக்கையைத் தொடங்கியது. இராமநாதபுரத்துப் பனைக்குளத்தில் பிறந்து பம்பாயில் வாழ்ந்த ஹாஜி மஸ்தானும், டாமனைச் சேர்ந்த சுகுர் நாராயண் பகியாவும் தடுப்புக் காவலில் வைக்கப்பட்டவர்களுள் முக்கியமானவர்கள். ஒருவர் முஸ்லிம், மற்றவர் இந்து. நாடு முழுதும் பரவிய பெயர் மட்டும் முதலாமவருடையது. அதே ஆண்டு டிசம்பரில் 'காஃபிபோசா' சட்டம் நடைமுறைக்கு வந்தது. விசாரணையின்றிக் காவலில் வைக்க அது இடமளித்தது. 1976இல் கடத்தல் சொத்துகளைப் பறிமுதல் செய்யும் சட்டம் வந்தது. தமிழகக் கடலையும் அதனையொட்டிய உள்நாட்டுப் பகுதியையும், கடத்தலுக்கு எளிதில் இடங்கொடுக்கும் பகுதி என்று சட்டமே வரையறுத்தது. பலப்பல தலைமுறைகளாக நேர்மையாகக் கப்பலோட்டிய ஒரு கரை முழுவதன்மீதும் விழுந்த கறை அது.

இச்சட்டங்களால் கடத்தல் நின்றதா? ஓரளவு அஞ்சியது, நிற்கவில்லை. 1990இல் தங்கக் கட்டுப்பாட்டுச் சட்டம் நீக்கப்பட்டு, தொண்ணூறுகளில் தங்க இறக்குமதி படிப்படியாக அனுமதிக்கப்பட்ட பின்னரே தங்கக் கடத்தல் பெரிதும் தளர்ந்தது. 2012இன் தொடக்கத்தில் 2 விழுக்காடாயிருந்த தங்க இறக்குமதி வரி, 2013 ஆகஸ்டில் 10 விழுக்காடாகவும் 2022 ஜூலையில் 15 விழுக்காடாகவும் உயர்ந்ததும் பழைய தொழில் உயிர்பெற்றது. விமான நிலையங்களிலும் மன்னார் வளைகுடாவிலும் தங்கம் பிடிபட்ட செய்திகள் மீண்டும் நாளேடுகளில் நிறைந்தன. 2024 ஜூலையில் அவ்வரி 6 விழுக்காடாகக் குறைக்கப்பட்டது. கடத்தலின் இலாபத்தைக் குறைப்பதும் அதன் நோக்கங்களுள் ஒன்று. சுங்கம் தவிர்த்த சோழனின் அறிவு, ஒன்பது நூற்றாண்டுகளுக்குப் பின்னும் பொருந்துகின்றது.

கோடுகளும் எல்லைகளும்

எல்லாவற்றையும் கோட்டின்மீதே சுமத்திவிட்டு நாம் தப்பித்துக்கொள்ளலாமா? கூடாது. கள்ளச்சரக்கு மூவகை என்பதைப் பிரித்தறிய வேண்டும்.

முதல் வகை, விலை வேறுபாட்டால் மட்டும் கள்ளச்சரக்கானவை. பாக்கு, உப்பு, அரிசி, மஞ்சள் இவ்வகை. இரண்டாம் வகை, பொதுநலம் கருதித் தடுக்கப்பட்டவை. கடல் அட்டையை நம் நாடு 2001இல் காப்புக்குரிய உயிரினமாக்கி அதனைப் பிடிப்பதைத் தடை செய்தது. இலங்கையிலோ உரிமத்தோடு பிடிக்கலாம். நீரிணையில் குளித்து அட்டை எடுத்தே வாழ்ந்த குடும்பங்களின் துயரம் உண்மை. அவ்வினம் அழிந்துவிடலாகாது என்ற அக்கறையும் உண்மை. மூன்றாம் வகை, தன்னளவிலேயே நஞ்சானவை. எண்பதுகள் முதல் கஞ்சாவும் ஹெராயினும் இந்நீரிணையில் புகுந்தன. இவற்றை எந்தச் சட்டம் அனுமதித்தாலும் அவை ஆகுமானவை ஆகிவிடா. பழைய சரக்கு சென்ற அதே வழியில்தான் இந்த நஞ்சும் சென்றது. வழியை ஒருமுறை இருளில் அமைத்துவிட்டால், அதில் எது செல்லும் என்பதைப் பின்னர் நம்மால் தடுக்க முடிவதில்லை.

1983க்குப் பின் ஈழத்தில் போர் மூண்டபோது, அகதிகளும் மருந்தும் எரிபொருளும் ஆயுதமும் அவ்வழியே சென்று வந்தன. 1991 மே முதல் நாள் முன்னாள் பிரதமர் இராஜீவ் காந்தியின் கொலைக்குக் காரணமானவர்கள் வந்திறங்கியதும் கோடியக்கரையிலேயே. விசாரணையின் கொடுமையை அதன்பின் அனுபவித்தவர்கள் கரையோர மக்கள்.

நம்மை நாமே கேட்போம்

மதீனாவில் விலைவாசி உயர்ந்தபோது விலையை நிர்ணயம் செய்யுமாறு தோழர்கள் வேண்ட, நபிகள் நாயகம் (ஸல்) அவர்கள் அதற்கு இசையவில்லை. அதேவேளை, பதுக்கி வைத்து விலையேற்றுவதை வன்மையாகக் கண்டித்தார்கள். எல்லை கடந்து வரும் வணிகரிடம், அவர்கள் நாட்டில் நம் வணிகரிடம் வாங்கும் அளவே வாங்குமாறு கலீஃபா உமர் (ரலி) அவர்கள் பணித்ததாக வரலாறு கூறுகின்றது. வணிகனை நெருக்காத அரசும், மக்களை நெருக்காத வணிகனும் ஒன்றுக்கொன்று துணை என்பதே நாம் பெறும் கருத்து. ஆனால் குடிமகன் தன் நாட்டோடு செய்துகொண்ட உடன்படிக்கையைப் பேணுவதும் நம் மார்க்கம் விதித்த கடமை. கோடு அநியாயமானதென்றால் வேதாரணியத்தில் செய்தது போல் பகலில் எதிர்க்கலாம்; இரவில் கடந்து இலாபம் காண்பது வேறு.

சென்ற தலைமுறையில் நம் ஊர்கள் சிலவற்றில் நடந்ததை மறைப்பதால் பயனில்லை. திடீர்ப் பணத்தைக் கண்ட இளைஞன் பள்ளிப் படிப்பைப் பாதியில் விட்டான். கப்பற்கணக்கும் காற்றுக்கணக்கும் அறிந்த பரம்பரை, டார்ச் விளக்கின் சைகையை மட்டும் கற்றுக்கொண்டது. வெளிநாட்டுச் சேலையும் கடிகாரமும் திருமண வீடுகளில் பெருமையாகப் பேசப்பட்டனவேயன்றி, அவை வந்த வழியை எவரும் கேட்கவில்லை. தந்தை தடுப்புக் காவலில் இருந்த ஆண்டுகளில் வளர்ந்த பிள்ளைகளின் கதையை எந்தத் திரைப்படமும் காட்டவில்லை. முதல் போட்டவர்கள் பிழைத்துக்கொண்டனர். பழி மட்டும் சமுதாயத்தின் பங்காயிற்று.

பிறர் நம்மீது சுமத்தும் பழிக்கு வரலாறு விடை கூறுகின்றது: இக்கரையில் கடத்தல் எந்த ஒரு சமயத்தாரின் குலத்தொழிலும் அன்று, இந்து, கிறிஸ்தவர், முஸ்லிம் என்ற வேறுபாடின்றிக் கடலோடிகள் அனைவரையும் மாறிய சட்டங்களும் வறுமையும் பேராசையும் அதில் இழுத்தன. நம் மனச்சான்று கேட்கும் கேள்விக்கோ வரலாறு விடை கூறாது. அதற்கு நாமே விடை கூற வேண்டும்.

நாகப்பட்டினத்திலிருந்து பினாங்குக்கும் சிங்கப்பூருக்கும் ரஜூலாவும் சிதம்பரமும் சென்று வந்த காலம் 1985இல் முடிந்தது. நெடுங்காலத்திற்குப் பின் 2023 அக்டோபர் 14ஆம் நாள் நாகப்பட்டினத்திலிருந்து காங்கேசன்துறைக்குப் பயணிகள் கப்பல் புறப்பட்டது. சில நாட்களில் நின்று, 2024 ஆகஸ்டில் மீண்டும் தொடர்ந்தது. சீட்டு வாங்கி, பெட்டியைச் சோதனைக்குத் திறந்து காட்டி, பகல் வெளிச்சத்தில் அக்கரை சேரும் பயணம் அது. பாட்டனார்கள் மறைந்து கடந்த அதே நீரைப் பேரன்மார் தலைநிமிர்ந்து கடப்பதைக் காண்கையில் நெஞ்சு நிறைகின்றது.

அரசுகள் நேர்வழியை அகலமாக்கட்டும். மஞ்சளையும் பாக்கையும் கள்ளச்சரக்காக்கும் நிலை வாராதிருக்கட்டும். நம் பிள்ளைகளுக்கு நாம் விட்டுச் செல்ல வேண்டியது நேரிய சம்பாத்தியமும், அதனை வெளிச்சத்தில் எண்ணிப் பார்க்கும் துணிவுமே. அதற்கு வல்ல இறைவன் அருள்புரிவானாக.